இந்தோனேசிய இளைஞர்களோடு சேர்ந்து உட்கார: புதிதாகப் போகிறவர்களுக்கு ஒரு வழிகாட்டி

வேலைக்கோ படிப்புக்கோ ஜகார்த்தா, பாண்டுங், யோக்யகர்த்தா என்று கிளம்புகிறவர்களுக்கு விசா எடுக்கவும் வீடு பார்க்கவும் வழி சொல்ல ஆள் கிடைப்பார்கள். அலுவலகமோ வகுப்போ முடிந்தபின் இரவு ஏழு மணிக்கு எங்கே போவது, யாரோடு போவது என்று சொல்லத்தான் ஆள் கிடைப்பதில்லை. அதனாலேயே பலர் அங்கே வருடக்கணக்கில் இருந்தும் ஷாப்பிங் மாலையும் இந்திய உணவகத்தையும் தாண்டாமல் ஊர் திரும்புகிறார்கள். அது பெரிய இழப்பு. இருபத்தெட்டுக் கோடிப் பேர் வாழும் அந்த நாட்டின் உயிர்ப்பே அதன் இளைஞர்கள்தான்.

இந்தக் கட்டுரை முழுக்க நான் வற்புறுத்தப்போவது ஒன்றே ஒன்று. காபி, உடை, பாட்டு, விளையாட்டு, போராட்டம் என்று அங்கே எந்த அலை கிளம்பினாலும் அது நாலு பேர் கூடி உட்கார்ந்த இடத்தில்தான் கிளம்புகிறது. ஆகவே எது டிரெண்ட் என்று பட்டியல் போட்டு மனப்பாடம் செய்ய வேண்டாம். அது ஆறு மாதத்தில் பழசாகிவிடும். அவர்களோடு போய் உட்காருங்கள், மற்றது தானாக வரும்.

கிளம்பும் முன்: கொஞ்சம் மொழி

ஆங்கிலம் போதும் என்று நம்பிப் போகாதீர்கள். தெற்கு ஜகார்த்தாவின் அலுவலகங்களில் சமாளித்துவிடலாம், தெருவில் முடியாது. பஹாசா இந்தோனேசியா கற்க எளிதான மொழி. ரோமன் எழுத்து, எழுதியதை அப்படியே வாசிக்கிறார்கள். நேற்று, இன்று, நாளை என்று வினைச்சொல் உருமாறுவதில்லை. முந்நூறு சொற்கள் கையில் இருந்தால் முதல் மாதத்தை ஓட்டிவிடலாம்.

இது இளைஞர்கள் தேர்ந்தெடுத்த மொழி என்பதையும் தெரிந்துகொண்டு போங்கள். 1928 அக்டோபர் 28 அன்று, டச்சுக்காரர்கள் ஆண்டுகொண்டிருந்தபோது, பல தீவுகளைச் சேர்ந்த இளைஞர் சங்கத்தார் இன்றைய ஜகார்த்தாவில் கூடி, ஒரே தாயகம், ஒரே தேசம், ஒற்றுமைக்கு ஒரு மொழி என்று உறுதி எடுத்தார்கள். ஜாவானிய மொழி பேசுகிறவர்கள்தான் எண்ணிக்கையில் அதிகம் என்றபோதும், துறைமுகங்களில் எல்லோரும் புழங்கிய மலாயிலிருந்து வளர்ந்த மொழியை ஏற்றார்கள். கூட்டம் நடந்த க்ராமாட் ராயா சாலை 106ஆம் எண் வீடு இன்று அருங்காட்சியகம். போய் இறங்கியதும் ஒரு சனிக்கிழமை காலை பார்த்துவிடுங்கள். ஆண்டுதோறும் அந்தத் தேதியை இளைஞர் உறுதிமொழி நாளாகக் கொண்டாடுகிறார்கள்.

பாடப்புத்தகத்தில் படித்த மொழியைத் தெருவில் பேசினால் வங்கி அறிவிப்பு வாசிப்பது போல இருக்கும். ஜகார்த்தா இளைஞர்கள் நண்பர்களுக்குள் தன்னை ‘குவே’ என்றும் எதிரே இருப்பவரை ‘லூ’ என்றும் சொல்கிறார்கள். இவை ஹொக்கியன் சீனத்திலிருந்து வந்தவை. பழக்கமான பிறகு மட்டும், சம வயதுக்காரர்களிடம் மட்டும் இதைப் பயன்படுத்துங்கள். யோக்யகர்த்தாவிலோ சோலோவிலோ போய் குவே, லூ என்று பேசினால் தலைநகரத் திமிர் என்று எடுத்துக்கொள்வார்கள். அங்கெல்லாம் ‘ஆகு’, ‘காமு’. ஆனால் அதே ஆகு, காமுவை ஜகார்த்தாவில் ஓர் இளைஞன் ஓர் இளம்பெண்ணிடம் சொன்னால் நெருக்கமாகப் பேச முயல்வதாகத் தோன்றலாம். குழப்பமாக இருக்கிறதா? ‘நீ’ என்ற சொல்லையே தவிர்த்துவிட்டு, எதிரே இருப்பவரின் பெயரைச் சொல்லியே பேசுங்கள். “ரினா சாப்பிட்டாச்சா?” என்று ரினாவிடமே கேட்பது அங்கே முழுக்க இயல்பு.

முன்பின் தெரியாதவரை அழைக்க உறவுமுறைப் பெயர்கள் உண்டு. நாம் கடைக்காரரை அண்ணா என்கிறோமே, அதே கணக்கு. எங்கும் செல்லுபடியாவது ‘காக்’. ஆண், பெண் இருவருக்கும் பொருந்தும். ஜாவா மக்களிடம் ஆணை ‘மாஸ்’, பெண்ணை ‘எம்பா’ என்பார்கள். பாண்டுங் பக்கம் சுண்டா மக்களிடம் ‘ஆஆ’, ‘தேதே’. ஜகார்த்தாவில் ஓட்டுநரை, டீக்கடைக்காரரை ‘பாங்’. பெரியவர்களுக்கு ‘பாக்’, ‘பு’. வெறும் பெயர் சொல்லிக் கூப்பிடாதீர்கள். இந்த ஒன்றைச் சரியாகச் செய்தால், உங்கள் மொழி எவ்வளவு ஓட்டையாக இருந்தாலும் மன்னித்துவிடுவார்கள்.

வாட்ஸ்அப் பேச்சு வேறு உலகம். இரண்டு சொற்களின் தலையை வெட்டி ஒட்டிப் புதுச்சொல் செய்வது அவர்களுக்குக் கைவந்த கலை. ஆடி அசையச் சோம்பல் என்றால் ‘மாகெர்’. எதையும் மனதில் போட்டுக்கொண்டு உருகினால் ‘பாபெர்’. சேர்ந்து விளையாடுவது ‘மாபார்’. மனதில் இருப்பதைக் கொட்டுவது ‘சுர்ஹாத்’. இந்தச் சொல் வந்தால் வேலையை ஓரமாக வைத்துவிட்டுக் காது கொடுங்கள். ‘வ்க்வ்க்வ்க்’ என்று எழுத்துகள் வரிசையாக வந்தால் சிரிக்கிறார்கள் என்று பொருள்.

முதல் வாரம்: உட்காருங்கள்

நொங்க்ரொங். இந்த ஒரு சொல்லைச் சுற்றித்தான் அவர்கள் மாலைப்பொழுது நகர்கிறது. எந்த வேலையும் இல்லாமல், எந்தத் திட்டமும் இல்லாமல், சேர்ந்து உட்கார்ந்து பேசிக்கொண்டிருப்பது. பேச்சு நின்றுபோனாலும் எழுந்து போக வேண்டியதில்லை. மூன்று மணி நேரம், நான்கு மணி நேரம் என்று நீளும். ‘சரி, விஷயத்துக்கு வருவோம்’ என்ற அவசரம் உங்களுக்கு இருந்தால் அதை வீட்டிலேயே விட்டுவிட்டுப் போங்கள்.

உட்காரப் பல தளங்கள் உண்டு. மிக எளியது நடைபாதை ஓரம். சைக்கிளில் ஃப்ளாஸ்க் கட்டிக்கொண்டு, முன்பக்கம் காபித்தூள் பொட்டலங்களைச் சரமாகத் தொங்கவிட்டு வருவார் ஒருவர். பொட்டலம் ஒன்றைக் கிழித்துக் கோப்பையில் கொட்டி, வெந்நீர் ஊற்றி, கிழித்த அந்தப் பொட்டலத்தையே நீளவாக்கில் மடித்துக் கரண்டியாக்கிக் கலக்கித் தருவார். ஐயாயிரம் ரூபியா அளவில், நம் பணத்தில் இருபத்தைந்து முப்பது ரூபாய். இவர்களுக்கு ‘ஸ்டார்லிங்’ என்று பெயர். ஊர் சுற்றும் ஸ்டார்பக்ஸ் என்பதன் சுருக்கம். கண்ணாடிக் கோபுரங்களுக்குக் கீழே, நடைபாதைத் திண்டில் உட்கார்ந்து அந்தக் காபியைக் குடிக்கும் கூட்டத்தில் வங்கி ஊழியரும் இருப்பார், ஓட்டுநரும் இருப்பார்.

அடுத்தது ‘வார்கோப்’ என்னும் காபிக்கடை. இரவு முழுக்கத் திறந்திருக்கும், இண்டோமி நூடுல்ஸ் கிடைக்கும், வைஃபை இருக்கும். யோக்யகர்த்தாவில் இதே வகைக் கடைக்கு ‘புர்ஜோ’ என்று பெயர். பச்சைப்பயறுக் கஞ்சி விற்றதால் வந்த பெயர். மாணவர்களின் இரண்டாவது வீடு அதுதான். அதே ஊரில் ‘அங்க்ரிங்கான்’ வண்டிகளும் உண்டு. கைப்பிடிச் சோறும் சம்பலும் துளி மீனும் பொட்டலமாகக் கட்டி வைத்திருப்பார்கள். பூனைச் சோறு என்று பெயர். துகு ரயில் நிலையத்துக்கு வடக்கே இருக்கும் வண்டிகளில் ‘கோபி ஜோஸ்’ கேளுங்கள். அடுப்பிலிருந்து கனன்று சிவந்த கரித்துண்டை இடுக்கியால் எடுத்து உங்கள் காபிக் குவளைக்குள் போடுவார்கள். சுர்ரென்று பொங்கி அடங்கும். பாயில் சப்பணம் போட்டு உட்கார்ந்து, பக்கத்தில் கிட்டார் வாசிக்கும் கூட்டத்தின் பாட்டைக் கேட்டுக்கொண்டே அதைக் குடிக்க வேண்டும்.

பிறகுதான் குளிரூட்டிய காபிக்கடைகள். பனைவெல்லப் பாகும் பாலும் சேர்த்த ஐஸ் காபி, ‘கோபி சூசூ குலா ஆரேன்’, கடந்த பத்தாண்டில் நாட்டையே பிடித்துக்கொண்டது. தெற்கு ஜகார்த்தாவின் சிபெதேயில் 2015-இல் தொடங்கிய துக்கு என்ற சிறு கடை இந்த வகைக்குப் பெரிய பெயர் வாங்கித் தந்தது. 2017-இல் வந்த கோபி கெனாங்கான், 2018-இல் வந்த ஜான்ஜி ஜிவா எல்லாம் அந்த வழியில் சங்கிலிக் கடைகளாகப் பரவின. காபி விளைவித்து ஏற்றுமதி செய்த நாடு, தன் காபியைத் தன் பிள்ளைகளுக்கு அவர்கள் கைக்கு எட்டும் விலையில் கொடுக்கத் தொடங்கிய காலம் இது. எனக்கு இதில் உண்மையான மகிழ்ச்சி உண்டு.

நடைமுறையில் சில. ஏழு மணி என்றால் ஏழேமுக்கால். ‘வந்துகொண்டிருக்கிறேன்’ என்று செய்தி வந்தால் ஆள் இன்னும் குளிக்கப் போகவில்லை என்றும் இருக்கலாம். கோபிக்காதீர்கள், நேரம் ரப்பர் போல நீளும் என்று அவர்களே சொல்வார்கள். பணம் பெரும்பாலும் ‘பதுங்கான்’, ஆளுக்கு இவ்வளவு என்று பிரித்துக்கொள்வது. பிறந்தநாள்காரர் தன் கூட்டத்துக்கு வாங்கித் தர வேண்டும். முதல் சம்பளம் வாங்கினாலும் அப்படியே. புதிதாகக் காதல் கைகூடினால் அந்த ஜோடியிடம் ‘வரி’ கேட்பார்கள். நீங்கள் வெளிநாட்டுச் சம்பளக்காரர் என்றால் ஒவ்வொரு முறையும் நீங்களே கொடுத்துவிடத் தோன்றும். வேண்டாம், அது நட்பைச் சாய்த்துவிடும். அதே நேரம் எல்லோரையும் விலை அதிகமான கடைக்கு இழுக்காதீர்கள். 2025-இல் ஜகார்த்தாவின் குறைந்தபட்ச மாதச் சம்பளம் ஏறத்தாழ 54 லட்சம் ரூபியா. யோக்யகர்த்தா மாகாணத்தில் 23 லட்சத்துக்கும் கீழே. எங்கே உட்காரலாம் என்ற முடிவை அவர்களிடம் விட்டுவிடுவதே மரியாதை.

சைவம் சாப்பிடுகிறவர்கள் பயப்பட வேண்டாம். புளிக்க வைத்த சோயாக் கட்டியான தெம்பே, டோஃபு எனப்படும் தாஹு, காய்கறிகள்மீது நிலக்கடலைச் சாந்து ஊற்றிய காதோ காதோ எங்கும் உண்டு. கோரெங்கான் என்ற பொரித்த பலகாரத் தட்டில் தெம்பேயும் காய்கறி பக்வானும் நம் பஜ்ஜி போலவே இருக்கும், பச்சை மிளகாயைக் கடித்துக்கொண்டு சாப்பிடுவார்கள். ஆனால் பல சம்பல்களில் ‘தெராசி’ என்ற இறால் விழுது கலந்திருக்கும். “தெராசி இல்லாமல்” என்று கேட்கக் கற்றுக்கொள்ளுங்கள். எதையும் வலது கையால் கொடுங்கள், வாங்குங்கள்.

முதல் மாதம்: எங்கே போவது

ஜகார்த்தாவில் இருந்தால் முதல் ஞாயிறு காலை சுதிர்மான் சாலைக்குப் போங்கள். ஞாயிறு காலைகளில் அங்கே வண்டிகளை நிறுத்திவிட்டு ஊருக்கே சாலையைத் திறந்துவிடுகிறார்கள். ஓடுகிறவர்கள், சைக்கிள்காரர்கள், நாய்க்குட்டியோடு வருகிறவர்கள், நடனக் குழுக்கள். காசு செலவில்லாமல் அந்த நகரத்தின் இளைய முகத்தைப் பார்க்க இதைவிட நல்ல இடம் இல்லை. ஓட்டம் இப்போது பெரும் மோகம். ஓடிய தூரத்தை ஸ்ட்ராவா செயலியில் போட்டுக் காட்டும் ஆசை எவ்வளவு முற்றியது என்றால், 2024-இல் காசு வாங்கிக்கொண்டு அடுத்தவர் கணக்கில் ஓடித் தரும் ஆட்களே கிளம்பினார்கள்.

அதே சாலையில்தான் டுக்கு ஆதாஸ் இருக்கிறது. இந்த இடத்தின் கதையைத் தெரிந்துகொண்டால் இன்றைய இந்தோனேசிய இளைஞர்களைப் பாதி புரிந்துகொண்டது போல. மெட்ரோ ரயில், புறநகர் ரயில், விமான நிலைய ரயில் எல்லாம் வந்து சேரும் இடம் அது. 2019-இல் மெட்ரோ ஓடத் தொடங்கியதை ஒட்டி நடைபாதையும் திறந்தவெளியும் அங்கே அமைந்தன. 2022-இல் சிதாயாம், போஜொங் கெடே, டெபோக் போன்ற புறநகர்களிலிருந்து பதின்ம வயதுப் பிள்ளைகள் ரயிலேறி அங்கே வரத் தொடங்கினார்கள். அப்போது புறநகர் ரயிலில் முதல் 25 கிலோமீட்டருக்கு 3,000 ரூபியா, அதன்பின் ஒவ்வொரு 10 கிலோமீட்டருக்கும் 1,000. கையில் அவ்வளவுதான் காசு. கிடைத்த உடைகளைத் தங்களுக்குத் தோன்றியபடி அடுக்கிப் போட்டுக்கொண்டு, நடைபாதையில் உட்கார்ந்து பேசினார்கள், படம் எடுத்தார்கள், ஜீப்ரா கோடுகளை மேடையாக்கி நடந்து காட்டினார்கள். டிக்டாக்கில் பரவியது. சிதாயாம் ஃபேஷன் வீக் என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. பக்கத்திலேயே எஸ்சிபிடி என்ற பணக்கார வணிக வளாகம் உண்டு. அந்த எழுத்துகளை சுதிர்மான், சிதாயாம், போஜொங் கெடே, டெபோக் என்று விரித்துத் தங்கள் பெயராக்கிக்கொண்டார்கள்.

அந்த ஜூலை மாதம் நாடே அங்கே திரண்டது. மாடல்கள் வந்தார்கள், அரசியல்வாதிகள் வந்தார்கள். ஒரு பிரபலத்தின் நிறுவனம் அந்தப் பெயரையே வணிகக்குறியாகப் பதிவு செய்ய விண்ணப்பித்தது. பிள்ளைகளின் உழைப்பை விழுங்கப் பார்க்கிறீர்களா என்று இணையத்தில் கோபம் கொதித்தது. சில நாட்களில் விண்ணப்பத்தைத் திரும்பப் பெற்றார்கள். போக்குவரத்து நெரிசலைக் காரணம் காட்டி அதிகாரிகள் கட்டுப்பாடு விதிக்க, கூட்டம் கரைந்தது. ஆனால் அந்தப் பிள்ளைகள் நிரூபித்தது நிற்கிறது. தங்கள் ஊரில் உட்கார நல்ல பொது இடம் இல்லாதவர்கள், தலைநகரத்தின் நடு நடைபாதையை எவர் அனுமதியும் கேட்காமல் தங்களுடையதாக்கினார்கள். இன்றும் மாலையில் அங்கே போய் உட்காரலாம்.

மெட்ரோவில் தெற்கே போனால் ப்ளோக் எம். பணம் அச்சடிக்கும் அரசு நிறுவனத்தின் பழைய ஊழியர் குடியிருப்பை 2019-இல் எம் ப்ளோக் ஸ்பேஸ் என்று இசைக்கூடமும் கடைகளும் கொண்ட வளாகமாக மாற்றினார்கள். பக்கத்து வணிக வளாகத்தின் அடித்தளத்தில் பழைய புத்தகக் கடைகள். அருகில் 2022-இல் திறந்த வாசிப்புப் பூங்காவுக்கு மார்த்தா கிறிஸ்டினா தியாஹாஹு பெயர் வைத்திருக்கிறார்கள். மொலுக்கா தீவுகளில் 1817-இல் தந்தையோடு சேர்ந்து டச்சுக்காரர்களை எதிர்த்துப் போரிட்டபோது அவருக்குப் பதினேழு வயது. அவர் பெயரில் இருக்கும் பூங்காவின் படிகளில் அதே வயதுப் பிள்ளைகள் புத்தகமும் காபியுமாக உட்கார்ந்திருப்பார்கள். தனியாக ஒரு புத்தகத்தோடு போங்கள். பேச்சுக் கொடுக்க யாராவது வருவார்கள்.

உடை

வெளிநாட்டுப் பிராண்டைப் போட்டுக்கொண்டு போய் மதிப்புத் தேடாதீர்கள். இப்போது உள்ளூர்ச் சரக்குக்கே மதிப்பு. இதன் வேர் பாண்டுங்கில். தொண்ணூறுகளில் அந்த ஊரின் ஸ்கேட்போர்டு, பங்க், மெட்டல் பிள்ளைகள் தாங்களே சட்டை அச்சடித்துச் சிறு கடைகளில் விற்றார்கள். ‘டிஸ்ட்ரோ’ என்று பெயர். 1997, 98-இல் ரூபியா சரிந்து வெளிநாட்டுச் சட்டை வாங்கவே முடியாமல் போனபோது இந்தக் கடைகள் வேகமாக வளர்ந்தன. அந்த ஊரின் காம்பஸ் காலணிக்கு 2019 வாக்கில் இளைஞர்கள் வரிசையில் நின்றார்கள். எரிகோ என்ற உள்ளூர் உடை நிறுவனம் 2021-இல் நியூயார்க் டைம்ஸ் சதுக்கத்தில் விளம்பரப் பலகை வைத்தபோது இணையமே அதைக் கொண்டாடியது.

இன்னொரு பக்கம் பழைய உடைகள். ஜகார்த்தாவில் பசார் செனென், பாண்டுங்கில் கெடெபாகே. மலை மலையாகக் குவிந்திருக்கும், தோண்டி எடுக்க வேண்டும். யோக்யகர்த்தாவில் ‘ஆவுல் ஆவுல்’, மேடானில் ‘மொன்சா’, மக்காசாரில் ‘சக்கார்’ என்று ஊருக்கொரு பெயர். வெளிநாட்டுப் பழைய உடைகளை இறக்குமதி செய்வது சட்டப்படி தடை. 2023 மார்ச்சில் அரசு பொதி பொதியாகப் பிடித்து எரித்தது. உள்நாட்டுத் தையல் தொழிலைக் காக்க வேண்டும் என்பது அரசின் வாதம். எங்களுக்குக் கட்டுப்படியாகும் நல்ல துணி இதுதான் என்பது இளைஞர் வாதம். நான் இரண்டையும் மதிக்கிறேன். வாங்கினால் வெந்நீரில் நன்றாகத் துவைத்துவிட்டு அணியுங்கள்.

வெள்ளிக்கிழமை அலுவலகத்துக்கு, மெழுகு பூசிச் சாயமேற்றிய பாத்திக் துணியில் தைத்த சட்டை. 2009 அக்டோபர் 2 அன்று யுனெஸ்கோ பாத்திக்கைத் தன் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபிறகு அந்த நாளே பாத்திக் நாள் ஆனது. ஒரு நல்ல சட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், கல்யாணத்துக்கும் அதுவே போதும். பாட்டி காலத்துக் கைன் துணியை இடுப்பில் சுற்றி, கீழே ஸ்னீக்கர்ஸ் போட்டு மெட்ரோவில் போகும் பிள்ளைகளையும் பார்ப்பீர்கள். இது வேடம் போடுவது என்று எண்ணிவிடாதீர்கள். எந்த நெசவு எந்தத் தீவு, எப்படிக் கட்டுவது என்று கேட்டால் அரைமணி நேரம் ஆசையோடு சொல்வார்கள்.

பாட்டு

பத்து வருடங்களுக்கு முன் ஒரு நகரத்துக் கல்லூரி மாணவரிடம் டாங்டுட் என்னும் ஆட்டப்பாட்டு பிடிக்குமா என்று கேட்டால் மழுப்பியிருப்பார். பட்டிக்காட்டுப் பாட்டு என்ற பெயர் அதற்கு. அதை மாற்றியதில் சோலோவைச் சேர்ந்த திதி கெம்போத்துக்குப் பெரும்பங்கு உண்டு. ஜாவானிய மொழியில் பிரிவையும் ஏமாற்றத்தையும் பல பத்தாண்டுகளாகப் பாடிக்கொண்டிருந்தவர். 2019-இல் இருபது வயதுப் பிள்ளைகள் அவரைக் கண்டெடுத்து, உடைந்த இதயங்களின் ஞானத்தந்தை என்று பட்டம் கட்டினார்கள். ‘சோபாத் அம்ப்யார்’, நொறுங்கியவர்களின் நண்பர்கள், என்று தங்களுக்குப் பெயர் வைத்துக்கொண்டு, அழுதுகொண்டே ஆடினார்கள். ஆண் பிள்ளைகள் பொது இடத்தில் கண்ணீர் விட்டுப் பாடியதை நான் சாதாரணமாகப் பார்க்கவில்லை. 2020 மே 5 அன்று, 53 வயதில் அவர் இறந்தார். அவர் திறந்த வழியில் இப்போது ஜாவானிய மொழிப் பாடல்கள் நாடு முழுக்க ஓடுகின்றன. மொழி தெரியாத பிள்ளைகளும் பாடுகிறார்கள்.

கச்சேரிக்குப் போக வேண்டும் என்றால் அக்டோபர் வாக்கில் ஜகார்த்தா கெமாயோரானில் நடக்கும் சிங்க்ரோனைஸ் விழாவைத் தேர்ந்தெடுங்கள். 2016-இல் தொடங்கியது. டாங்டுட்டும் மெட்டலும் பழைய பாப்பும் ஒரே நாளில், எல்லாம் உள்நாட்டுக் கலைஞர்கள். பாண்டுங் பக்கம் மெட்டல் இசைக்குப் பெயர் போனது. அந்த மாகாணத்தின் காருட் ஊரைச் சேர்ந்த, ஹிஜாப் அணிந்த மூன்று பெண்களின் வாய்ஸ் ஆஃப் பாசெப்ரோத் குழு, 2024 ஜூனில் இங்கிலாந்தின் கிளாஸ்டன்பரி விழாவில் மேடையேறிய முதல் இந்தோனேசியக் குழு ஆனது. பள்ளிக்கூடத்தில் தொடங்கிய குழு அது.

கைப்பேசி

இறங்கிய அன்றே கோஜெக் அல்லது கிராப் செயலியைப் போட்டுக்கொள்ளுங்கள். பச்சைச் சட்டை போட்ட இருசக்கர ஓட்டுநர்கள், ‘ஓஜோல்’, உங்களையும் சாப்பாட்டையும் சாவியையும் கொண்டு சேர்ப்பார்கள். பணம் கொடுக்க க்ரிஸ் என்ற பொதுக் குறியீட்டை நடைபாதைக் கடையில்கூட ஸ்கேன் செய்யலாம். உள்ளூர் வங்கிக் கணக்கு கிடைக்கும்வரை கையில் கொஞ்சம் நோட்டு வைத்திருங்கள்.

விளையாட்டு என்றால் மொபைல் லெஜண்ட்ஸ். 2019-இல் கோலாலம்பூரில் நடந்த அதன் முதல் உலகக் கோப்பை இறுதியில் மோதிய இரு அணிகளுமே இந்தோனேசியாவைச் சேர்ந்தவை. சுமாராக ஆடத் தெரிந்தாலும் போதும், புது நண்பர்களைச் சேர்க்க அது குறுக்கு வழி.

கொரியப் பாட்டு ரசிகர்கள் ஏராளம். 2021 ஜூன் 9 அன்று பிடிஎஸ் பெயரில் ஒரு துரித உணவுப் பொட்டலம் வந்தபோது, ரசிகர்கள் அனைவரும் செயலியில் கேட்க, ஓட்டுநர்கள் கடைவாசலில் குவிந்தார்கள்; பெருந்தொற்றுக் காலம் என்பதால் பல கிளைகளைத் தற்காலிகமாக மூட வேண்டியதாயிற்று. மணிக்கணக்கில் காத்து நின்ற ஓட்டுநர்களுக்காக அதே ரசிகர்கள் பணம் திரட்டிக் கொடுத்தார்கள்.

எச்சரிக்கையும் தேவை. ‘பின்ஜோல்’ எனும் செயலிக் கடன், ‘ஜூடோல்’ எனும் இணையச் சூதாட்டம் இரண்டும் அந்த வயதுப் பிள்ளைகள் பலரைக் கடனில் தள்ளியிருக்கின்றன. யாராவது உங்கள் அடையாள அட்டையைப் படம் எடுத்துக் கேட்டால் கொடுக்காதீர்கள்.

ரமலான்

வருடத்தில் ஒரு மாதம் எல்லாமே தலைகீழாகும். நோன்பு திறக்கும் நேரத்துக்குக் காத்திருந்து ஊர் சுற்றுவது ‘ஙாபுபூரித்’. சேர்ந்து நோன்பு திறப்பது ‘புக்பெர்’. தொடக்கப் பள்ளிக் கூட்டாளிகள், உயர்நிலைப் பள்ளி, கல்லூரி, அலுவலகம் என்று ஒவ்வொரு கூட்டத்துக்கும் தனி புக்பெர் உண்டு. உங்களையும் அழைப்பார்கள். நீங்கள் எந்த மதம் என்பது பொருட்டில்லை, போங்கள். பகல் நேரத்தில் நோன்பாளிகள் முன்னால் சாப்பிடாமல் இருந்தால் போதும்.

மாலை நான்கு மணிக்கு பென்ஹில் சந்தைக்குப் போனால் வாழைப்பழக் கோலாக், ஐஸ் பழக்கலவை, கோரெங்கான் என்று தெருவே பலகாரமாக இருக்கும். 2024-இல் நோன்பு இல்லாத பிற மதப் பிள்ளைகள் மூன்று மணிக்கே வந்து எல்லாவற்றையும் வாங்கிவிடுகிறார்கள் என்று ‘தக்ஜில் போர்’ (தக்ஜில் என்றால் நோன்பு திறக்கும் பலகாரம்) என்ற வேடிக்கை இணையம் முழுக்கப் பரவியது. மதத்தின் பெயரால் உலகம் கசந்து கிடக்கும் காலத்தில், இரு பக்கத்துப் பிள்ளைகளும் ஒரே பலகாரத்துக்காகச் செல்லச் சண்டை போட்டதை நான் மிகவும் நேசிக்கிறேன்.

பெருநாளுக்கு முந்தைய வாரம் எல்லோரும் சொந்த ஊருக்குக் கிளம்பிவிடுவார்கள். தெருக்கடைகள் மூடிவிடும். அரிசி, முட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

தெரிந்திருக்க வேண்டிய எல்லைகள்

என்ன மதம், கல்யாணம் ஆயிற்றா என்று முதல் சந்திப்பிலேயே கேட்பார்கள். நமக்கு இது புதிதல்ல, சிரித்துக்கொண்டே பதில் சொல்லுங்கள். இந்தியா என்றதும் ஷாருக் கான் பேச்சு வரும்; 2014 வாக்கில் அங்கே ஒளிபரப்பாகிப் பெரும் புகழ் பெற்ற மகாபாரதத் தொடரைச் சிறுவயதில் பார்த்தவர்கள் அர்ஜுனனைப் பற்றிக் கேட்பார்கள். தமிழ் பேசும் இந்தோனேசியரைப் பார்க்க வேண்டும் என்றால் சுமத்ராவின் மேடானுக்குப் போக வேண்டும். 1884-இல் கட்டிய மாரியம்மன் கோயில் அங்கே கம்புங் மெட்ராஸ் பகுதியில் இருக்கிறது.

தங்கும் ‘கோஸ்’ அறைகளில் ஆண்களுக்கு, பெண்களுக்கு, இருவருக்கும் என்று வகை உண்டு. இரவு விருந்தினர் விதிகளை முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். 2026 ஜனவரி 2 முதல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் சட்டப்படி, திருமணத்துக்கு வெளியேயான உடலுறவும் சேர்ந்து வாழ்வதும் குற்றம். கணவன் அல்லது மனைவி, பெற்றோர், பிள்ளைகள் புகார் கொடுத்தால் மட்டுமே வழக்கு. போதைப்பொருள் விஷயத்தில் எந்தச் சலுகையும் கிடையாது.

அரசியலில், கேட்டுக்கொள்ளுங்கள், ஆனால் இறங்காதீர்கள். வெளிநாட்டவர் போராட்டத்தில் கலந்தால் விசா போகும். இணையத்தில் எழுதுவதற்கு அவதூறுச் சட்டம் உண்டு. கேட்காமல் மட்டும் இருந்துவிடாதீர்கள். 2024 ஆகஸ்டில் தேர்தல் விதிகளை மாற்றும் முயற்சிக்கு எதிராக நாட்டின் சின்னமான கருடன் நீல நிறத்தில் இருக்கும் படம் எல்லோர் பக்கங்களிலும் ஏறியது. 2025 தொடக்கத்தில் பிள்ளைகள் ‘முதலில் தப்பி ஓடிவிடு’ என்று ஹேஷ்டேக் போட்டு வெளிநாடு போகும் வழிகளைப் பகிர்ந்தார்கள். அந்த ஆண்டு சுதந்திர நாளுக்கு முன் ஜப்பானிய மங்கா ஒன்றின் வைக்கோல் தொப்பி மண்டையோட்டுக் கொடியை லாரிகளிலும் வீடுகளிலும் கட்டினார்கள். ஆகஸ்ட் 28 அன்று ஒரு போராட்டத்தின்போது காவல்துறை வண்டி மோதி ஓஜோல் ஓட்டுநர் ஒருவர் இறந்தபோது நாடே கொந்தளித்தது. போராட்டத்தில் நின்ற ஒரு பெண்ணின் முக்காட்டிலிருந்து இளஞ்சிவப்பும், ஓட்டுநர் சட்டையிலிருந்து பச்சையும் எடுத்து, லட்சக்கணக்கானோர் தங்கள் முகப்புப் படங்களை அந்த இரு நிறத்தில் மாற்றினார்கள். அதன் பின் உங்களை ஏற்றிச் செல்லும் ஓட்டுநரிடம் இரண்டு வார்த்தை பேசாமல் இறங்க மனம் வராது.

ஆகஸ்ட் 17

சுதந்திர நாளுக்கு முன் உங்கள் தெருவின் ‘காராங் தாருனா’ இளைஞர் சங்கத்தார் நன்கொடை நோட்டோடு கதவைத் தட்டுவார்கள். கொடுங்கள். போட்டிகளில் பெயர் கேட்டால் தயங்காமல் சேர்ந்துவிடுங்கள். சாக்குப் பந்தயம், எண்ணெய் தடவிய கம்பம் ஏறுவது, இழுபறி எல்லாம் இருக்கும். புதியவருக்கு ஏற்றது க்ரூபுக் போட்டி: கயிற்றில் தொங்கும் அப்பளத்தைக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு வாயாலேயே தின்று முடிக்க வேண்டும். அந்த க்ரூபுக் மரவள்ளி மாவில் செய்தது; சைவம் சாப்பிடுகிறவர்கள் மீனோ இறாலோ கலந்ததா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பரிசாக ஒரு வாளியோ நோட்டுப் புத்தகமோ கிடைக்கும். போட்டி முடிந்ததும் நாற்காலிகளை அடுக்கி வைக்க உதவுங்கள். அடுத்து எங்கே போய் உட்காரலாம் என்ற பேச்சு அங்கேதான் நடக்கும்.